யாரும் இல்லாத படத்தில் ஒரு பெண்

அப்பா காப்பீட்டு நிறுவனத்தில் சர்வேயர். வண்டி மோதினாலும், கிடங்கு எரிந்தாலும், கூரை ஒழுகினாலும் முதலில் போய்ப் பார்த்து எழுதுகிறவர். யார் மேல் தப்பு, எப்படி நடந்திருக்கும் என்பதெல்லாம் அவர் வேலை இல்லை. என்ன தெரிகிறதோ அது மட்டும். "முன்பக்க விளக்கு உடைந்துள்ளது. ஓட்டுநர் இருக்கையில் ஒரு குழந்தையின் செருப்பு உள்ளது." அந்தச் செருப்பு அங்கே எப்படி வந்தது என்று எழுத மாட்டார். வீட்டிலும் அப்படித்தான். நான் பரீட்சையில் தோற்று அழுதபோது அம்மாவிடம் போய், "பாப்பா மாடிப்படியில உக்காந்திருக்கா. முகம் வீங்கியிருக்கு" என்று சொல்லிவிட்டுத் தன் வேலையைப் பார்க்கப் போய்விட்டார். அம்மாதான் வந்து ஏன் என்று கேட்டாள்.

போன மாதம் இறந்துவிட்டார். நுரையீரல். அவரைப் பற்றி எழுத உட்கார்ந்தால் அவர் எழுதுகிற மாதிரிதான் வருகிறது. வரட்டும்.

அவர் ஓய்வு பெற்ற வருஷமே அம்மா இறந்துபோனாள். நான் வேறு ஊரில் வேலையில் இருந்தேன். கொதிகலன்களின் வெல்டிங்கைச் சோதிப்பது என் வேலை. இரும்புக்குள் ஒலியை அனுப்பி, அது திரும்பி வருவதை வைத்து உள்ளே எங்காவது வெற்றிடம் இருக்கிறதா என்று கண்டுபிடிக்க வேண்டும். ஞாயிற்றுக்கிழமைகளில் அப்பாவுக்குப் போன் செய்வேன்.

"சாப்டீங்களா?"

"ஆச்சு."

"என்ன சாப்டீங்க?"

"இருந்ததை."

அதற்கு மேல் பேச்சு நகராது. இரண்டு பேரும் போனைப் பிடித்துக்கொண்டு கொஞ்ச நேரம் இருப்போம். பிறகு யாராவது ஒருவர் "சரி" என்போம். அவர் நாள் முழுக்கத் தொலைக்காட்சியை ஓட விட்டிருப்பார். ஆனால் அதற்கு முதுகைக் காட்டி உட்கார்ந்திருப்பார். வாங்க ஏதும் இல்லாவிட்டாலும் கடைக்குப் போய் விலை கேட்டுவிட்டு வருவார். இதெல்லாம் லீவில் போகும்போது நான் பார்த்தது.

அவரை அந்த வீட்டிலிருந்து வெளியே இழுத்தது, ஓய்வுக்குப் பிறகு நிறுவனம் ஒரு தடவை கேட்டுக்கொண்டதால் அவர் கடைசியாகச் சர்வே செய்த இடம். ஒரு சின்னத் திரைப்பட அரங்கு. குழாய் வெடித்து மேற்கூரையில் தண்ணீர் இறங்கியிருந்தது. பார்வையில்லாதவர்களின் திரைப்பட மன்றம் ஒன்று சனிக்கிழமை மதியங்களில் அங்கே படம் போடும். மன்றத்தின் தலைவி டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் ஆபரேட்டராக இருந்து ஓய்வு பெற்றவர். பிறவியிலேயே பார்வை கிடையாது. எல்லோருக்கும் அவர் எக்ஸ்சேஞ்ச் அக்கா. அப்பா டார்ச் அடித்துக் கூரையைப் பார்த்துக்கொண்டிருந்தபோது அக்கா பக்கத்தில் வந்து நின்றாராம்.

"சேதம் பெருசா சார்?"

"மேல ஒரு கறை. பழுப்பு நிறம், நடுவுல கறுப்பு. ஓரத்துல உப்பு பூத்து வெள்ளையா இருக்கு. எந்த உருவத்துலயும் இல்ல."

"உருவத்தை நான் கேக்கவே இல்லையே?"

"எல்லாரும் கேப்பாங்க. மேகம் மாதிரி இருக்கா, ஆடு மாதிரி இருக்கான்னு. இல்ல. கறை மாதிரி இருக்கு."

அக்கா சிரித்துவிட்டார். "சனிக்கிழமை மதியம் உங்களுக்கு என்ன வேலை?"

அப்பாவுக்குச் சனிக்கிழமை மட்டுமல்ல, எந்தக் கிழமையும் வேலை இல்லை.

அரங்கின் பின்வரிசைக்குப் பின்னால் ஒரு கண்ணாடி அறை. உள்ளே ஒரு நாற்காலி, ஒரு மைக். திரையில் நடப்பதை அங்கிருந்து ஒருவர் சொல்வார். பார்க்க முடியாதவர்கள் காதில் இயர்போன் மாட்டிக் கேட்பார்கள். வசனம் வரும்போது சொல்பவர் வாயை மூடிக்கொள்ள வேண்டும். இரண்டு வசனங்களுக்கு நடுவில் இருக்கிற இடுக்கில் நுழைந்து சொல்லிவிட்டு வெளியே வந்துவிட வேண்டும். அப்பாவுக்கு முன்னால் சொன்னவர் ஒரு நாடக நடிகர். "ஏக்கம் ததும்பும் விழிகள்" என்பாராம், "சோகமான மழை" என்பாராம். அக்கா அவரை நிறுத்திவிட்டார். அப்பாவிடம் முதல் நாளே சொன்னது இது: "சோகத்தை நாங்க பாத்துக்கறோம். நீங்க மழையை மட்டும் சொல்லுங்க."

அப்பா முதலில் சொன்னது ஒரு காதல் படம். "அவன் நெருங்குகிறான். இடைவெளி ஒரு அடி. அரை அடி. இடைவெளி இல்லை." அரங்கே சிரித்தது. முன்வரிசையில் ஒரு வக்கீல் உட்கார்வார், அவரும் பார்வையில்லாதவர். இடைவேளையில் கண்ணாடி அறைக் கதவைத் தட்டி, "சர்வேயர் சார், மொத்த நஷ்டஈடு எவ்வளவுன்னு போட்டிருக்கீங்க?" என்று கேட்டாராம். அன்றிலிருந்து அப்பாவுக்கு அங்கே பெயர் சர்வேயர்.

அதற்குப் பிறகு ஞாயிற்றுக்கிழமைப் போனில் பேச எங்களுக்கு ஒன்று கிடைத்தது. முந்தைய நாள் பார்த்த படத்தை எனக்கும் சொல்வார். யார் செத்தார், கார் என்ன நிறம், கதவு எந்தப் பக்கம் திறந்தது. நான் வேலை செய்துகொண்டே கேட்பேன். சனிக்கிழமை மட்டும் ஷேவ் செய்துகொள்கிறார் என்பது ஒரு லீவில் எனக்குத் தெரிந்தது. கேட்கிறவர்களில் ஒருவருக்கும் அவர் முகம் தெரியாது. இருந்தாலும்.

ஆறு வருஷம் இப்படி ஓடியது. பிறகு அந்தப் படம் வந்தது.

எடுத்தவர் முப்பது வயதுக்காரர். ஒல்லி. பேசினால் பக்கத்தில் இருப்பவருக்கே பாதிதான் கேட்கும். இடிக்கப்போகிற ஓர் அடுக்குமாடிக் கட்டடத்தில் எல்லோரும் காலி செய்து போன பிறகு உள்ளே போய்க் கேமராவை வைத்திருக்கிறார். ஆள் இல்லை, வசனம் இல்லை, இசை இல்லை. இருந்த சத்தத்தையும் எடுத்துவிட்டார். ஒன்றரை மணி நேரம் காலி அறைகள். வேறு எங்கும் போட யாரும் சம்மதிக்கவில்லை. அக்காதான், "எல்லாரும் பாக்கற படம்னா நாங்களும் பாப்போம், யாரும் பாக்காததுன்னா முதல்ல பாப்போம்" என்று கூப்பிட்டார்.

படத்துக்கு முன்னால் இயக்குநர் இரண்டு வார்த்தை பேசினார். "இதுல கதை இல்ல. அர்த்தமும் இல்ல. தேடாதீங்க. சும்மா இருங்க, போதும்."

"சும்மா இருக்கறதுக்கு எங்க வீட்டுலயே இடம் இருக்கே தம்பி," என்றார் வக்கீல்.

வழக்கமாகப் படத்தை அப்பா ஒரு தரம் முன்கூட்டியே பார்த்துக்கொள்வார். இது அன்றைக்குத்தான் கைக்கு வந்தது. பார்த்துக்கொண்டே சொல்ல வேண்டியதாயிற்று.

படம் முடிந்ததும் வழக்கப்படி பேச்சு. அன்று அங்கே நான் இல்லை. ஆனால் அக்கா, வக்கீல், இயக்குநர் மூவரும் தனித்தனியாக என்னிடம் சொன்னார்கள். மூன்றும் ஒன்றுபோலவே இருந்தன.

அக்காதான் ஆரம்பித்தார். "பயந்துகிட்டேதான் வந்தேன் தம்பி. ஆனா அந்தம்மா வந்ததுக்கப்புறம் எனக்குப் பிடிச்சுப்போச்சு."

"எந்தம்மா?"

"உங்க படத்துல வர்ற அம்மாதான். கடைசியில கதவுகிட்ட வந்து நிக்கறாங்களே. ஏன் திறக்காமயே போயிட்டாங்க?"

இயக்குநர் கேள்வி தனக்கில்லை என்பதுபோல் சுற்றிலும் பார்த்தார். "என் படத்துல யாரும் வரலியே."

"என்ன தம்பி, எங்ககிட்டயே விளையாடறீங்களா?" என்று வக்கீல் எழுந்தார். "கிளிப்பைப் பல்லுல கடிச்சுக்கிட்டுத் தலைமுடியை முடிஞ்சாங்க. குழாயைத் திறந்து பாத்தாங்க, தண்ணி வரல. புறங்கையால சுவத்தைத் தொட்டுப் பாத்தாங்க. சாட்சிக்கு இங்க நாப்பது பேர் இருக்கோம்."

"சார், நான் எடுத்த படம் சார். அதுல ஆளே இல்ல. அதுதான் சார் படமே."

அப்போது அத்தனை முகங்களும் ஒன்றன்பின் ஒன்றாகப் பின்பக்கம், கண்ணாடி அறைப் பக்கம் திரும்பின. அதைப் பார்த்தது இயக்குநர் ஒருவர்தான். என்னிடம் அதைச் சொன்னபோது அவர் குரல் இன்னும் சின்னதாகிவிட்டது.

அப்பா வெளியே வந்தார்.

"சர்வேயர் சார்," என்றார் அக்கா. "அந்தம்மா இருந்தாங்களா, இல்லையா?"

"இல்ல."

"அப்ப நீங்க சொன்னது?"

"தப்பு."

அவ்வளவுதான். பையை எடுத்துக்கொண்டு போய்விட்டார்.

மறுநாள் ஞாயிறு. நான் போன் செய்தேன், அவர் எடுக்கவில்லை. கொஞ்ச நேரத்தில் தெரியாத எண்ணிலிருந்து எனக்கு அழைப்பு.

"சர்வேயரோட பொண்ணா? நான் எக்ஸ்சேஞ்ச் பேசறேன். முதல்ல ஒண்ணு சொல்லு, உங்கப்பா நல்லா இருக்காரா? நான் கூப்பிட்டா எடுக்க மாட்டேங்கறார்."

"எனக்கும் எடுக்கல."

"அப்ப நல்லாத்தான் இருக்கார். உடம்பு சரியில்லாதவன் ஒருத்தர் போனையாவது எடுப்பான்." பிறகு நடந்ததைச் சொன்னார். சொல்லச் சொல்லக் குரல் இறுகியது. "எனக்கு அந்தப் படத்து மேல கோவம் இல்லம்மா. ஆறு வருஷமா அவர் வாயாலதான் எல்லாத்தையும் பாத்திருக்கேன். மழைன்னார், மழை பெய்ஞ்சுது. செத்துட்டான்னார், அழுதேன். இப்ப ராத்திரி பூரா ஒவ்வொரு படமா எடுத்து மோந்து பாத்துட்டிருக்கேன், இதுவும் கெட்டதான்னு. கண்ணு தெரியாதவங்ககிட்ட பொய் சொல்றதுக்குத் திறமையே வேண்டாம் பொண்ணு. எங்களுக்கு எல்லாரும் சொல்லிட்டுப் போயிருக்காங்க. உங்கப்பா சொல்ல மாட்டார்னு இருந்தேன்."

"அந்தப் பொம்பளை என்ன பண்ணாங்கன்னு சொன்னார்?" என்று கேட்டேன்.

அக்கா முழுக்கச் சொன்னார். செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு சத்தமில்லாமல் வந்தாள். கிளிப்பைப் பல்லில் கடித்துக்கொண்டு முடியை முடிந்தாள். அலமாரி இழுப்பறையை இடுப்பால் இடித்து மூடினாள். ஒவ்வொரு அறையிலும் புறங்கையைச் சுவரில் வைத்து ஈரம் பார்த்தாள்.

அம்மா பள்ளிக்கூட ஆய்வகத்தில் உதவியாளர். கண்ணாடிச் சாமான்களை இரண்டு கையிலும் சுமந்து பழகியவள். இழுப்பறையை இடுப்பால்தான் மூடுவாள். மழைக்காலத்தில் எங்கள் வீட்டுச் சுவர் ஈரம் வாங்கும். உள்ளங்கை பொய் சொல்லும், புறங்கைதான் சரி என்பாள்.

நான் அக்காவிடம் எதுவும் சொல்லவில்லை. மறுநாள் ரயில் ஏறினேன்.

அப்பா மேசையின் முன்னால் உட்கார்ந்திருந்தார். ஷேவ் செய்து ஒரு வாரம் ஆன முகம் போல இருந்தது, ஆனால் சனிக்கிழமை போய் இரண்டு நாள்தான். என்னைப் பார்த்து, "லீவு போட்டியா?" என்றார். போட்டேன் என்றேன். எழுந்து எனக்குத் தண்ணீர் கொண்டுவந்து வைத்தார். பிறகு டம்ளரையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"அது அம்மாதானே?" என்றேன்.

அவர் மறுபடி நாற்காலியில் உட்கார்ந்தார்.

"முதல் கால் மணி நேரம் ஒழுங்காத்தான் சொன்னேன். அறை, காலி. அடுத்த அறை, காலி. சுவத்துல ஆணி. ஆணியில ஒண்ணும் இல்ல. சத்தமும் கிடையாது படத்துல. நான் பேசறது மட்டும்தான் எனக்கே கேக்குது. எத்தனை தடவை காலி காலின்னு சொல்றது? ஒரு கட்டத்துல வாயில வரல."

"அப்புறம்?"

"அப்புறம் அவ வந்தா."

"நீங்க…"

"நான் கூப்பிடல பாப்பா. அவ வந்தா. வந்தவளை வரலன்னு சொல்ல முடியல. என்ன பண்றாளோ அதைச் சொன்னேன். பாத்துதான் சொன்னேன்." டம்ளரைக் கொஞ்சம் நகர்த்தினார். "படத்துல இல்ல. அதுதான் தப்பு."

"அக்காகிட்ட நான் சொல்லிடறேன். புரிஞ்சுக்குவாங்க."

"வேண்டாம்."

"ஏம்ப்பா?"

"பாவம்னு சேத்துக்குவாங்க. அப்புறம் நான் மழைன்னு சொன்னா, பாவம் மனுஷன் மழைங்கறாருன்னுதான் கேப்பாங்க. அதுக்கு அந்த நாடகக்காரனையே கூப்பிட்டுக்கலாம்." கொஞ்ச நேரம் கழித்து, "அந்தப் படத்தையே இன்னொரு தடவை போடச் சொல்லு. சரியா சொல்றேன்" என்றார். பிறகு தரையைப் பார்த்துக்கொண்டு, "சொல்ல முடியுமான்னு தெரியல" என்றார்.

முடியாமல் போனால் என்ன ஆகும் என்று இரண்டு பேரும் பேசவில்லை. அது அந்த அறையிலேயே தெரிந்தது. தொலைக்காட்சி அவர் முதுகுக்குப் பின்னால் ஓடிக்கொண்டிருந்தது.

அக்காவைப் போய்ப் பார்த்தேன். அரங்கின் பக்கவாட்டில் ஒரு சின்ன அலுவலக அறை. என் காலடிச் சத்தத்துக்கே, "வா பொண்ணு, அப்பா மாதிரியே குதிகாலை ஊணி நடக்கற" என்றார். இரண்டாம் தடவை படத்தைப் போடும்படி கேட்டேன்.

"போடலாம். ஆனா இந்தத் தடவை சரியா சொல்றார்னு எனக்கு எப்படித் தெரியும்? இயக்குநர்கிட்ட கேட்டா, அந்தப் பையன் அவன் படத்தையே சந்தேகப்பட ஆரம்பிச்சுட்டான்." கொஞ்சம் யோசித்தார். "நீ என்ன வேலை பாக்கற?"

"வெல்டிங் சரியா இருக்கான்னு சோதிக்கற வேலை."

"சரியில்லன்னா?"

"சரியில்லன்னு எழுதுவேன்."

"உன்னோட ஃப்ரெண்டு போட்ட வெல்டிங்கா இருந்தா?"

"கொதிகலன் வெடிச்சா அவன்தானே முதல்ல போவான்."

"அப்ப நீ என் பக்கத்துல உக்காரு. என் கையைப் பிடிச்சுக்கோ. அவர் சொல்றது திரையில இருந்தா ஒரு தட்டு. இல்லன்னா ரெண்டு. என் கையைத் தொட்டு நீ பொய் சொன்னா எனக்குத் தெரியும்."

அப்பாவிடம் சொன்னேன். கோபப்படுவார் என்று நினைத்தேன். "நல்லதுதான்," என்றார். "சர்வேயருக்கு மேல ஒரு சர்வேயரை அனுப்பறது வழக்கம்தான். நானே போயிருக்கேன்."

அந்தச் சனிக்கிழமை அவர் ஷேவ் செய்துகொண்டார். தாடையில் வெட்டிக்கொண்டார்.

கூட்டம் இல்லை. ஒரே காலி படத்தை இரண்டாம் தடவை பார்க்க யார் வருவார்கள்? வக்கீல் வந்திருந்தார். "மறுவிசாரணைன்னா நான் வராம இருப்பேனா?" இன்னும் நாலைந்து பேர். இயக்குநர் வாசலில் என்னைப் பிடித்துக்கொண்டார்.

"உங்கப்பா சொன்ன படம் என் படத்தைவிட நல்லா இருந்திருக்குமோன்னு யோசிச்சு யோசிச்சுத் தூக்கமே போச்சுங்க. அந்தக் குரலைப் படத்தோடவே சேத்துடலாமான்னு போன்ல கேட்டேன். ஒரே வார்த்தைல முடியாதுன்னுட்டார்."

"ஏன் சேக்கணும்? அர்த்தம் வந்துடாதா?"

நான் உள்ளே போனேன்.

விளக்குகள் அணைந்தன. அக்காவின் கை என் கைக்குள் இருந்தது. உலர்ந்த, கனமில்லாத கை. ஒரு காதில் இயர்போன் மாட்டிக்கொண்டேன்.

"அறை," என்றது அப்பாவின் குரல். "சதுரம். எதிர்ச் சுவத்துல ஜன்னல். கம்பி இருக்கு, கண்ணாடி இல்ல."

தட்டினேன்.

"வெளிச்சம் தரையில விழுது. தரையில ஒண்ணும் இல்ல."

தட்டினேன்.

திரையில் அந்த அறை அசையாமல் இருந்தது. எனக்கு முதலில் எரிச்சல்தான் வந்தது. இதைப் பார்க்கவா இவ்வளவு தூரம்? அறை மாறியது. அதுவும் காலி. சுவரில் ஒரு படம் தொங்கிய இடம் மட்டும் வெளுக்காமல் நீள்சதுரமாக இருந்தது. அப்பா சொன்னார், தட்டினேன். மின்விசிறி இருந்த இடத்தில் ஒரு கொக்கி. சொன்னார், தட்டினேன். வேலைத்தளத்தில் செய்கிற மாதிரியே ஆகிவிட்டது. ஒலி போகிறது, திரும்புகிறது, குறித்துக்கொள்கிறேன்.

சமையலறை வந்தது. அப்பாவின் குரல் கொஞ்சம் கம்மியது.

"குழாய். மூடியிருக்கு. கல் மேடை. மேல ஒரு தட்டு, மரப்பலகை. பலகையில வட்ட வட்டமா தடம். பாத்திரம் இருந்த இடம்."

நான் தட்டவில்லை. திரையில் வட்டங்கள் இருந்தன. பாத்திரம் இல்லை. அக்காவின் விரல்கள் காத்திருந்தன.

"திருத்தம்," என்றார் அப்பா. "தெரியறது வட்டம் மட்டும். பாத்திரம் நான் நினைச்சுக்கிட்டது."

தட்டினேன். அக்கா மெல்ல மூக்கால் சிரித்தார்.

படம் நீண்டது. அறைகள் ஒன்றுபோல ஒன்று. இப்போது எரிச்சல் இல்லை, வேறு ஏதோ. பார்க்கிற ஒவ்வொரு அறையிலும் யாராவது வந்துவிடுவார்கள் என்று என் கண் வாசலையே பார்ப்பதைக் கவனித்தேன். யாரும் வரவில்லை என்று தெரிந்தும் பார்த்தது. அப்பாவுக்கு அந்தக் கால் மணி நேரத்தில் என்ன ஆகியிருக்கும் என்று அப்போது எனக்குப் புரிந்தது.

கடைசியில் கதவு வந்தது. மூடிய கதவு. பச்சை வண்ணம், கீழ்ப்பக்கம் உரிந்திருந்தது. கேமரா அதன் முன்னால் நகராமல் நின்றது.

"கதவு. பச்சை. மூடியிருக்கு."

தட்டினேன்.

வெகு நேரம் எதுவும் இல்லை. திரையிலும் இல்லை, காதிலும் இல்லை.

"முன்னால…" என்று ஆரம்பித்தார். நிறுத்திவிட்டார்.

அக்காவின் கை விறைத்தது. என் விரல் அவர் கைக்கு மேல் தூக்கிக்கொண்டு நின்றது. போன வாரம் அந்தப் பெண் நின்ற இடம் இதுதான். திரையில் பார்த்தேன். கதவு, தரை, உரிந்த வண்ணம். வேறு எதுவும் இல்லை. அவர் அவளைச் சொல்லிவிட்டால் நான் இரண்டு தட்டுத் தட்ட வேண்டும். தட்டியிருப்பேனா என்று எனக்கு இப்போதும் தெரியாது.

முன்வரிசையிலிருந்து வக்கீல் திரும்பி, "என்ன, லைன் போச்சா?" என்றார்.

"இல்ல," என்றார் அக்கா, குரலைத் தாழ்த்தாமலே. "லைன் திறந்துதான் இருக்கு. மூச்சு வருது. பேசாம இரும்."

நானும் கேட்டேன். இயர்போனில் அப்பாவின் மூச்சு. உள்ளே போவதும் வெளியே வருவதும். எக்ஸ்சேஞ்சில் எத்தனையோ வருஷம் அந்தப் பக்கம் ஆள் பேசாமல் இருக்கிற லைன்களைக் கேட்டவர் அக்கா. எனக்கு அது அப்பா நடக்கிற மாதிரி கேட்டது. ஏதோ ஒரு படியில் நின்று, காலை எடுத்து வைப்பதா வேண்டாமா என்று நிற்கிற மாதிரி.

"முன்னால யாரும் இல்ல," என்றார்.

தட்டினேன். அக்கா தட்டிய கையை இறுக்கிப் பிடித்துக்கொண்டார். அதற்குப் பிறகு தட்ட எனக்குக் கை இல்லை. தட்ட வேண்டியும் இருக்கவில்லை. மீதிப் படத்துக்கு அப்பா ஒன்றும் சொல்லவில்லை. சொல்ல ஒன்றும் இருக்கவில்லை. கதவு இருந்தது, பிறகு இருட்டு.

"படம் முடிஞ்சுது," என்றார்.

விளக்குகள் வந்தன. இயக்குநர் முன்னால் போய் நின்றார். "எப்படி இருந்துச்சு?"

வக்கீல் கைத்தடியைத் தேடி எடுத்துக்கொண்டு எழுந்தார். "உள்ளதைச் சொல்லட்டா தம்பி? மனசு கஷ்டப்படக் கூடாது. போன வாரம் பாத்ததுதான் படம்."

எல்லோரும் சிரித்தார்கள். இயக்குநரும் சிரித்தார், பிறகுதான் அதன் அர்த்தம் உறைத்தாற்போல் நிறுத்தினார். கண்ணாடி அறைக்குள் அப்பா சிரித்ததைப் பார்த்தேன். சத்தம் கேட்கவில்லை.

அவர் வெளியே வந்து அக்காவுக்கு முன்னால் நின்றார். பையை இரண்டு கையாலும் பிடித்திருந்தார்.

"சர்வேயர் சார்?"

"இருக்கேன்."

"அடுத்த சனிக்கிழமை கொஞ்சம் முன்னாடியே வந்துடுங்க. மைக்ல ஏதோ கொரகொரங்குது. பாத்துக் குடுங்க."

"சரிங்க," என்றார் அப்பா.

அவர் கண்ணாடி அறையைப் பூட்டப் போனபோது அக்கா என் முழங்கையைப் பிடித்து இழுத்தார். "அந்தம்மா உங்கம்மாதானே?"

நான் திரும்பிப் பார்த்தேன். அவர் முகம் நேராக முன்னால் பார்த்தபடி இருந்தது.

"அன்னிக்குப் போன்ல ஒவ்வொண்ணா சொன்னேனே, அப்ப நீ மூச்சையே நிறுத்திட்ட."

"தெரிஞ்சும் ஏன் இவ்வளவு சோதனை?"

"உங்கம்மாவை எனக்குப் பிடிச்சிருந்துச்சு," என்றார். "அது வேற. அவர்கிட்ட எனக்குத் தெரியும்னு சொல்லிடாத. சங்கடப்படுவார்."

இந்த வருஷம் வரை சொல்லவில்லை. இனிமேல் யாரிடம் சொல்ல.

வீட்டுக்கு நடந்தே போனோம். நல்ல வெயில். வழியில் அவர் ஒரு கார்க் கதவின் நசுங்கலைக் குனிந்து பார்த்தார், பழக்கம். உள்ளிருந்து யாரோ "என்ன சார் வேணும்?" என்று அதட்ட, இரண்டு பேரும் வேகமாக நடந்தோம். நான் சிரித்தேன். அவர், "பின்னால வந்தவன் இடிச்சிருக்கான்" என்றார். அப்படி ஒரு முடிவை அவர் சொல்லி நான் கேட்டதே இல்லை.

வீட்டு வாசலில் சாவியை எடுத்தார். அம்மா போன பிறகு அவருக்கு ஒரு வழக்கம் இருந்தது. கதவைத் திறந்ததும் உள்ளே பார்த்து "வந்தாச்சு" என்பார். நான் கூட இருந்தாலும் சொல்வார். நான் கேட்காத மாதிரி செருப்பைக் கழற்றிக்கொண்டிருப்பேன். அது எங்களுக்குள் பேசாமலே ஆகிப்போன ஏற்பாடு.

அன்று பூட்டைத் திறந்தார். கதவைத் தள்ளினார். முன்னறை தெரிந்தது. நான் குனிந்து செருப்பைக் கழற்ற ஆரம்பித்தேன், அவர் சொல்வதற்கு இடம் விட்டு. வார் பிரியவில்லை. பிரிந்த பிறகும் குனிந்தே இருந்தேன்.

ஒன்றும் வரவில்லை.

அவர் உள்ளே போய் ஜன்னலைத் திறந்தார். சட்டையைக் கழற்றி ஆணியில் மாட்டினார். நாற்காலியை இழுத்து உட்கார்ந்தார். தொலைக்காட்சியைப் போடவில்லை. வெளியிலிருந்து பார்த்தபோது அந்த அறையில் அவர் மட்டும் இருந்தார்.

நானாவது சொல்லிவிடலாமா என்று இருந்தது. வாய் வரை வந்தது.

"அங்கயே ஏன் நிக்கற?" என்றார் அப்பா. "உள்ள வா. வெயில் சூடு உள்ள வருது பார்."